தண்ணியில்லாக் காட்டுக்கு ஒரு மாறுதல் ஆணை

‘தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திடுவேன்’ என்ற மிரட்டலுக்கு எந்த அரசு அலுவலகத்திலும் பொழிப்புரை தேவைப்படாது. சொல்கிறவருக்கும் கேட்கிறவருக்கும் அது தண்டனை. ஆனால் தண்டனைகளைப் பட்டியலிடும் விதிப் புத்தகத்தைத் திறந்தால் அதைக் காணோம். தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் கண்டனம், ஊதிய உயர்வு நிறுத்தம், பதவியிறக்கம், கட்டாய ஓய்வு, பணிநீக்கம் எல்லாம் உண்டு, இடமாறுதல் இல்லை. மத்திய அரசு ஊழியர்களுக்கான 1965-ஆம் ஆண்டு விதிகளிலும் இல்லை.

இதனால் வருகிற விளைவு பெரிது. தண்டனைக்கு முன் தரவேண்டிய குற்றச்சாட்டுக் குறிப்பாணை, விளக்கம் கேட்பு, விசாரணை எதுவும் மாறுதலுக்குத் தேவையில்லை. தண்டனையை எதிர்த்து விதிகள் தரும் மேல்முறையீடும் கிடையாது. ‘மாறுதல் என்பது பணியின் ஓர் அங்கம்’ என்ற வாக்கியம் இல்லாமல் மாறுதல் வழக்குத் தீர்ப்பு எழுதப்படுவதே அரிது. அதற்கு அடுத்த வாக்கியமும் மனப்பாடம்: ‘ஒரே இடத்தில் பணியாற்ற ஊழியருக்கு உரிமை இல்லை.’

இவ்வளவு தெரிந்தும் நீதிமன்றத்துக்குப் போகிற மனுக்களில் பெரும்பாலானவை கஷ்டத்தையே பேசுகின்றன. வயதான பெற்றோர், பிள்ளையின் பிளஸ் டூ, மனைவிக்கு வேறு ஊரில் வேலை. எல்லாம் உண்மையாக இருக்கும். நீதிபதியும் இரக்கமாகக் கேட்பார், கேட்டுவிட்டு அதிகாரியிடமே மனுக் கொடுக்கச் சொல்வார். ஊழியரின் கஷ்டத்தை எடைபோடும் வேலை நிர்வாகத்துடையது. ஆணையின் கோளாறைப் பார்ப்பதுதான் நீதிமன்றத்தின் வேலை. மனுவின் முதல் பக்கத்திலேயே கோளாறு தெரிய வேண்டும், கஷ்டம் ஏழாவது பத்தியில் வந்தால் போதும்.

எவையெல்லாம் கோளாறு? அதிகாரம் இல்லாதவர் போட்ட ஆணை. சட்டத் தகுதியுள்ள விதியை மீறிய ஆணை. தீய நோக்கத்தில் போட்ட ஆணை. தண்டனைக்கு மாறுதல் வேடம் போட்ட ஆணை. அந்தஸ்தையோ ஊதியத்தையோ குறைக்கும் ஆணை. கடைசியாகச் சொன்னதற்கு அடிப்படை விதி 15 இருக்கிறது: திறமைக்குறைவு, ஒழுங்கீனம் அல்லது ஊழியரின் எழுத்துமூலமான வேண்டுகோள் இருந்தாலொழிய, அவர் உரிமை கொண்ட பதவியின் ஊதியத்தைவிடக் குறைந்த ஊதியமுள்ள பதவிக்கு மாற்றக்கூடாது. ஊதியம் அதேதான், நாற்காலிக்கு மட்டும் வேலை இல்லை என்ற வகையில் இது ஓரளவுக்கு மேல் உதவாது.

முதலில் எல்லோரும் தடுக்கி விழுகிற இடம் அரசாணை. ‘மூன்று வருஷம் முடியாமல் மாற்றக்கூடாது என்று ஜி.ஓ. இருக்கிறது சார்’ என்று நம்பிக்கையோடு வருவார்கள். சட்டத்தின் கீழ் இயற்றப்பட்ட விதி வேறு, நிர்வாக அறிவுரையாக வரும் அரசாணை வேறு. 1990-இல் ஷில்பி போஸ் வழக்கில் உச்சநீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: நிர்வாக அறிவுரையை மீறிப் போட்ட மாறுதலாகவே இருந்தாலும் சாதாரணமாக நீதிமன்றம் தலையிடக்கூடாது, பாதிக்கப்பட்டவர் மேலதிகாரிகளிடம் போகட்டும். 1993-இல் வந்த அப்பாஸ் வழக்கும் அதே தடம். ஷில்லாங்கில் பணியாற்றிய மத்திய அரசு ஊழியரின் மாறுதலை மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் ரத்து செய்தது. ‘யாரை எங்கே மாற்றுவது என்பது உரிய அதிகாரி முடிவு செய்யவேண்டியது’ என்று சொல்லி அந்த ரத்தை உச்சநீதிமன்றம் ரத்து செய்தது. கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்கும் வழிகாட்டுதலை அதிகாரி மனத்தில் கொள்ள வேண்டும், ஆனால் அது வழக்காடும் உரிமையைத் தராது என்றும் அதே தீர்ப்பு சொன்னது.

எழுதிவைத்த சட்டம் இருந்தால் கதை மாறும். மகாராஷ்டிரத்தில் அரசு ஊழியர் மாறுதலை முறைப்படுத்த 2005-ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. பதவிக்காலம் முடியாமல் மாற்றவேண்டுமானால் காரணத்தை எழுத்தில் பதிந்து, அடுத்த மேல்நிலை அதிகாரியின் முன் ஒப்புதல் வாங்கவேண்டும். அந்த ஒப்புதல் கோப்பில் இல்லையென்றால் ஆணை நிற்பது கடினம். கேரளக் காவல்துறைத் தலைவர் பதவியிலிருந்து மாற்றப்பட்ட டி.பி.சென்குமாரை மீண்டும் அமர்த்தும்படி 2017 ஏப்ரலில் உச்சநீதிமன்றம் உத்தரவிட்டதும் இந்த வகைதான். காவல்துறைச் சீர்திருத்தம் பற்றிய பிரகாஷ் சிங் வழக்கின் 2006-ஆம் ஆண்டுத் தீர்ப்பும் கேரளக் காவல் சட்டமும் சேர்ந்து அந்தப் பதவிக்காலத்துக்கு ஒரு வேலி போட்டிருந்தன. ஐ.ஏ.எஸ். அதிகாரிகளுக்கும், டி.எஸ்.ஆர்.சுப்ரமணியன் வழக்கின் 2013-ஆம் ஆண்டுத் தீர்ப்புக்குப் பிறகு, 2014-இல் விதியே திருத்தப்பட்டு இரண்டாண்டு குறைந்தபட்சக் காலம் வந்தது. ஆசிரியருக்கும் வருவாய்த் துறை உதவியாளருக்கும் தமிழ்நாட்டில் அப்படியொரு பொதுச் சட்டம் கிடையாது. அரசாணைகளும், காலியிடங்களைக் காட்டி ஊழியரைத் தேர்ந்தெடுக்கச் சொல்லும் மாறுதல் கலந்தாய்வுக்கு ஆண்டுதோறும் வெளியாகும் நெறிமுறைகளும்தான்.

அதற்காக அரசாணையை வீசிவிடவேண்டாம். ‘அரசாணையை மீறினார்கள்’ என்பது பலவீனமான வாதம். ‘இதே அரசாணையை இதே நாளில் மற்றவர்களுக்குப் பின்பற்றினார்கள், எனக்கு மட்டும் மீறினார்கள், மீறியதற்குக் கோப்பில் காரணம் இல்லை’ என்பது சமத்துவம் பேசும் அரசியல் சட்டத்தின் 14-ஆம் பிரிவுக்குள் போகும் வாதம். கலந்தாய்வில் காலிப்பணியிடத்தை மறைத்துவிட்டு மறுவாரம் அதே இடத்துக்கு நிர்வாக மாறுதலில் வேறொருவரைப் போட்டால், கலந்தாய்வு நாளன்று வெளியிட்ட காலிப்பணியிடப் பட்டியலும் மறுவார ஆணையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்கப்பட்டாலே போதும். உபரி ஆசிரியரை வேறு பள்ளிக்கு அனுப்பும் பணி நிரவலிலும் அப்படித்தான்: உபரி என்று காட்டப்பட்டவர் உண்மையிலேயே அந்தப் பள்ளியில், அந்தப் பாடத்தில் இளையவரா என்ற ஒற்றைக் கேள்வியில் வழக்கு முடியும்.

ஆணையை எப்படிப் படிப்பது

மாறுதல் ஆணை வந்ததும் எல்லோருடைய கண்ணும் ஊர்ப் பெயருக்குத்தான் போகும். வழக்குக்குத் தேவையானவை அதற்கு மேலேயும் கீழேயும் இருக்கின்றன.

மேலே ‘பார்வை’ என்று ஒரு பகுதி. இந்த ஆணை எந்தெந்தக் கடிதங்களின் தொடர்ச்சியாக வருகிறது என்ற பட்டியல். ‘1. அரசாணை எண் இன்னது. 2. மாவட்ட அலுவலரின் கடிதம், நாள் இன்னது. 3. பொதுமக்களிடமிருந்து பெறப்பட்ட புகார் மனு, நாள் இன்னது.’ கீழே ஆணையின் உடலில் ‘நிர்வாக நலன் கருதி’ என்று மட்டும் இருக்கும். உடல் ஒன்று சொல்ல, பார்வை வேறொன்று சொல்கிறது. புகார்தான் காரணம் என்றால் அந்தப் புகாரை விசாரித்தார்களா, உங்களிடம் கேட்டார்களா என்ற கேள்வி அந்த மூன்றாவது வரியிலிருந்து பிறக்கிறது. எழுத்தரின் பழக்கத்தில் எழுதப்பட்ட அந்த வரியைப் போன்ற சாட்சியம் பிறகு தேடினாலும் கிடைக்காது.

அடுத்து கையொப்பம். உங்கள் பதவி எந்த அலகை (மாவட்டம், மாநிலம் போன்ற நியமன எல்லையை) சேர்ந்தது, அந்த அலகுக்கு வெளியே மாற்றக் கையொப்பமிட்டவருக்கு அதிகாரம் உண்டா? மாவட்ட அலகில் நியமனமான ஒருவரை மாவட்ட அலுவலரே இன்னொரு மாவட்டத்துக்கு அனுப்பியிருந்தால் மற்ற எதையும் பேசத் தேவையில்லை. ‘ஆணைப்படி’ என்று போட்டு வேறொருவர் ஒப்பமிட்டிருந்தால் மூலக்கோப்பில் உரியவர் ஒப்புதல் இருக்கிறதா என்று பார்க்கவேண்டும்.

கீழே ‘பெறுநர்’, ‘நகல்’. உங்கள் இடத்துக்கு யாரை நியமித்திருக்கிறார்கள் என்பது அங்கே தெரியும். அவரை எதிர்மனுதாரராகச் சேர்க்கவேண்டும். உங்கள் மாறுதல் ரத்தானால் அவர் பாதிக்கப்படுவார். அவரைக் கேட்காமல் எப்படி என்ற ஒரே காரணத்தில் மனு விழுந்துவிடக்கூடும்.

கடைசி வரியை இரண்டுமுறை படியுங்கள். ‘மாற்றுப் பணியாளரை எதிர்பாராமல் உடனடியாகப் பணிவிடுவிக்கப்பட வேண்டும்’ என்று இருந்தால் உங்களிடம் இருப்பது மணிக்கணக்கு. அதோடு, நடுவில் எங்காவது ‘தன் விருப்பத்தின் பேரில்’ என்ற சொல் நுழைந்திருக்கிறதா? எப்போதோ கொடுத்த விருப்ப மாறுதல் மனுவைத் தூசிதட்டி எடுத்து இப்போது பயன்படுத்துவது உண்டு. விருப்ப மாறுதலுக்குப் பயணப்படி கிடையாது, அலகு மாறினால் முதுநிலையும் (பணி மூப்பும்) போகும். உடனே எழுத்தில் மறுக்கவேண்டும்.

விடுவிப்புக்கு முன், விடுவிப்புக்குப் பின்

மாறுதல் வழக்கின் நடு அச்சு பணிவிடுவிப்பு. விடுவிக்கப்படுவதற்கு முன் தடை வாங்குவது ஒரு வழக்கு. விடுவித்த பிறகு வாங்குவது முற்றிலும் வேறு வழக்கு. பிற்பகல் விடுவிப்பு ஆணை வந்துவிட்டால் ‘ஆணை நிறைவேறிவிட்டது’ என்று அரசு வழக்கறிஞர் எழுந்து சொல்வார், பல நேரங்களில் அதோடு தடை மனு முடியும்.

விடுவிப்பைத் தவிர்க்க மருத்துவ விடுப்பில் போவது பழைய உத்தி. அது பலிப்பதில்லை. விடுப்பில் இருப்பவரையும் விடுவிக்கலாம். ஆணையைப் பதிவு அஞ்சலில் அனுப்பலாம், வீட்டுக் கதவில் ஒட்டலாம். ஆணை வந்த மறுநாள் தேதியிட்ட மருத்துவச் சான்றைப் பார்த்து நீதிமன்றமும் நல்லவிதமாக நினைக்காது.

தடையில்லாமல் வீட்டில் உட்கார்ந்துவிடுவது அதைவிட ஆபத்து. குஜராத் மின்வாரிய வழக்கில் 1989-இல் உச்சநீதிமன்றம் சொன்னது இன்றும் நிற்கிறது: மாறுதலுக்கு எதிராக மனுக் கொடுக்கலாம், ஆனால் அது நிறுத்தப்படாதவரை ஊழியர் போய்ச் சேரத்தான் வேண்டும், மனு நிலுவையில் இருப்பது சேராமலிருக்கக் காரணமாகாது. அந்த ஊழியர் சேரவில்லை, வேலையே போனது, அதை உச்சநீதிமன்றமும் உறுதி செய்தது. நடைமுறையிலும் பணம் உடனே நிற்கும். கடைசி ஊதியச் சான்று புது அலுவலகத்துக்குப் போய்விடும், அரசின் ஊதிய மென்பொருளான களஞ்சியத்தில் உங்கள் பெயர் அங்கே நகர்ந்துவிடும். பழைய அலுவலகம் சம்பளப் பட்டியல் போட முடியாது, புது அலுவலகம் நீங்கள் சேராமல் போடாது. இரண்டு மாதம் கழித்து அனுமதியின்றிப் பணிக்கு வராததற்காக பெரிய தண்டனைக்கான 17(பி) குறிப்பாணை வரும். மாறுதல் என்ற தண்டனையல்லாத ஒன்றை எதிர்க்கப்போய் உண்மையான தண்டனையை வாங்கிக்கொள்வது இப்படித்தான்.

தடை கிடைக்கவில்லையா, சேர்ந்துவிடுங்கள். சேரும் அறிக்கையில் ‘என் வழக்குரிமைக்குக் குந்தகமின்றி’ என்று ஒரு வரி எழுதிச் சேருங்கள். சேர்ந்ததாலேயே வழக்கு செத்துவிடாது. மத்திய அரசு ஊழியர் என்றால் புது இடத்தில் போய்ச் சேரத் தரப்படும் பணியேற்பிடைக் காலம் கையில் இருக்கிறது: ஆயிரம் கிலோமீட்டர்வரை 10 நாள், இரண்டாயிரம்வரை 12, அதற்கு மேல் 15. அந்த நாட்களுக்குள் விடுமுறை நீங்கலாக எத்தனை நீதிமன்ற நாட்கள் வருகின்றன என்று நாட்காட்டியைப் பாருங்கள்.

எந்த மன்றம்

மத்திய அரசு ஊழியரும், அறிவிக்கை மூலம் அதன் வரம்புக்குள் கொண்டுவரப்பட்ட நிறுவனங்களின் ஊழியரும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கே முதலில் போகவேண்டும். 1997-இல் சந்திரகுமார் வழக்குத் தீர்ப்புக்குப் பிறகு நேரே உயர்நீதிமன்றம் போக முடியாது. தீர்ப்பாயம் முடிவு சொன்ன பிறகுதான் உயர்நீதிமன்றத்தின் இருநீதிபதி அமர்வு. தீர்ப்பாயத்தில் விண்ணப்பக் கட்டணம் 50 ரூபாய். காலவரம்பு ஓராண்டு என்றாலும் மாறுதலில் அது வெறும் காகிதக் கணக்கு. ஒரு மாதம் தாமதித்தாலே அவசரம் எங்கே என்று கேட்பார்கள். தீர்ப்பாயச் சட்டத்தின் 24-ஆம் பிரிவை மறக்கவேண்டாம்: எதிர்த்தரப்புக்கு நகல் கொடுத்து, அவர்களைக் கேட்டபிறகே இடைக்கால உத்தரவு; அப்படிக் கேட்காமல் தருவது விதிவிலக்கு, அதுவும் 14 நாள்தான் நிற்கும். அதனால் தாக்கல் செய்கிற அன்றே மத்திய அரசு வழக்கறிஞருக்கு நகல் போயிருக்கவேண்டும்.

தமிழ்நாடு அரசு ஊழியருக்கு ஒருகாலத்தில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது, இப்போது இல்லை. அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவின் கீழ் உயர்நீதிமன்றத்தில் நீதிப்பேராணை மனுதான். ஆணை சென்னையில் பிறந்திருந்தாலும் நீங்கள் பணியாற்றும் இடம் தென்மாவட்டங்களில் இருந்தால் 2004 முதல் இயங்கும் மதுரைக் கிளையில் தாக்கல் செய்வதே வழக்கம். ராணுவத்தினருக்கு ஒரு விநோதம்: அவர்களுக்கென்றே ஆயுதப்படைத் தீர்ப்பாயம் இருக்கிறது, ஆனால் 2007-ஆம் ஆண்டுச் சட்டம் இடமாறுதலை ‘பணி விவகாரம்’ என்ற வரையறைக்கு வெளியே வைத்துவிட்டது. அவர்களும் உயர்நீதிமன்றத்துக்குத்தான் வரவேண்டும்.

கோரிக்கைப் பத்தியில் மாறுதல் ஆணையின் ந.க. எண்ணும் (கோப்பு எண்) தேதியும் எழுத்துப் பிசகாமல் இருக்கட்டும். தவறினால் திருத்த மனு போட்டு வருவதற்குள் விடுவிப்பு முடிந்திருக்கும். விடுவிப்பு ஆணை தனியாக வந்திருந்தால் அதையும் சேர்த்து எதிர்க்கவேண்டும். இதை மறப்பவர்கள் அதிகம். ஆவணத் தொகுப்பில் மாறுதல் ஆணை, விடுவிப்பு ஆணை, இப்போதைய இடத்தில் சேர்ந்த ஆணை, கொடுத்த மனுவும் அது சேர்ந்ததற்கான சான்றும், மாற்றாக வருபவரின் ஆணை, நம்பும் அரசாணை முழுமையாக. அரசாணையின் ஒரு பக்கத்தை மட்டும் வைத்தால் அடுத்த பக்கத்தில் இருக்கும் ‘நிர்வாகக் காரணங்களுக்காக இதைத் தளர்த்தலாம்’ என்ற வரியை எதிர்த்தரப்பு வாசிக்கும்.

தகவல் உரிமைச் சட்டத்தில் குறிப்புக் கோப்பைக் கேட்பது நல்லதுதான். பதில் வர 30 நாள். தடைக்கு அது உதவாது, எதிர்த்தரப்பின் பதிலுக்கு நீங்கள் தரும் பதிலுரைக்கு உதவும். தடைக்கு முன்பே கோப்பு வேண்டுமென்றால் மூலக் கோப்பை வரவழைக்கும்படி நீதிமன்றத்தைக் கேட்பதே வழி. கோப்பைத் தரச் சொன்னதும் சில நேரம் ஆணையே அமைதியாகத் திருத்தப்பட்டுவிடும்.

‘பழிவாங்கல்’ என்ற சொல்

தீய நோக்கம் என்று எழுதுவது சுலபம், நிரூபிப்பது மலை. அதற்கான முதன்மைத் தீர்ப்பே தமிழ்நாட்டு வழக்கு. தலைமைச் செயலாளர் பதவியிலிருந்து ராயப்பா மாற்றப்பட்டார். திட்டக்குழுவின் துணைத்தலைவர், பிறகு தனி அலுவலர். அவர் உச்சநீதிமன்றம் போனார். ‘சமத்துவமும் தான்தோன்றித்தனமும் பரம எதிரிகள்’ என்ற கோட்பாடு அந்தத் தீர்ப்பிலிருந்துதான் சட்டக் கல்லூரிகளுக்குப் போனது. ஆனால் ராயப்பா தோற்றார். தீய நோக்கத்தை நிரூபிக்கும் சுமை மிகக் கனமானது, அவர் அதைத் தூக்கவில்லை என்று அமர்வு சொன்னது. ஐம்பது ஆண்டுகளாகக் கோட்பாட்டுக்காக ஊழியர் தரப்பும், முடிவுக்காக அரசுத் தரப்பும் அந்த ஒரே தீர்ப்பைக் காட்டிக்கொண்டிருக்கின்றன.

ஓர் அதிகாரிக்கு உங்கள்மேல் பகை என்று சொன்னால் அவரைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்த்து, பதில்சொல்ல வாய்ப்புத் தரவேண்டும். பதவியை மட்டும் சேர்த்துவிட்டு ஆளைக் குற்றம்சாட்ட முடியாது. எம்.எல்.ஏ. கடிதம் கொடுத்ததால் மாற்றினார்கள் என்பதும் தனியாக நிற்காது; மக்கள் பிரதிநிதி குறையைச் சொல்வது தவறில்லை, அதிகாரி சொந்தமாக யோசித்தாரா என்பதுதான் கேள்வி என்று 2007-இல் உத்தரப்பிரதேச வழக்கொன்றில் சொல்லப்பட்டது.

இதைவிட நடக்கக்கூடிய வழி, பகையே தேவைப்படாத இன்னொரு வகை. அதிகாரம் எதற்காகத் தரப்பட்டதோ அதற்கல்லாமல் வேறொன்றுக்குப் பயன்பட்டது என்று காட்டுவது. 2008-இல் சோமேஷ் திவாரி வழக்கு: பெயரில்லாப் புகார் ஒன்று வந்தது, விசாரணையில் எதுவும் நிரூபணமாகவில்லை, ஆனாலும் போபாலிலிருந்து ஷில்லாங்குக்கு மாறுதல். தண்டனைக்குப் பதிலாக மாறுதல் என்று உச்சநீதிமன்றம் ரத்து செய்தது. 2020-இல் பஞ்சாப் அண்ட் சிந்து வங்கி வழக்கு: கிளையில் நடந்த முறைகேடுகளையும் பாலியல் தொல்லையையும் புகார் செய்த பெண் அதிகாரி இந்தூரிலிருந்து தொலைவில் ஒரு கிளைக்கு அனுப்பப்பட்டார், அவருடைய நிலை அதிகாரிக்குரிய கிளைகூட அது அல்ல. மாறுதல் ரத்து, இந்தூரிலேயே ஓராண்டு பணி என்று உத்தரவு. இரண்டிலும் வென்றது தேதிகள். புகார் நாள், விசாரணை அறிக்கை நாள், மாறுதல் நாள் என்று ஒரு பக்க அட்டவணை போட்டு ஆணைக்கு அடுத்த பக்கத்தில் வையுங்கள். அடைமொழிகளை எல்லாம் எடுத்துவிடலாம்.

எதிர்த்தரப்பு 2004-ஆம் ஆண்டு அஞ்சல்துறைத் தீர்ப்பை நீட்டும். தகாத நடத்தை என்ற முதல்கட்டத் திருப்தி இருந்தால் போதும், மாறுதலுக்கு முழு விசாரணை தேவையில்லை என்கிறது அது. ஆகவே ‘புகாரை விசாரிக்கவில்லை’ என்பது மட்டும் போதாது. விசாரித்து ஒன்றும் கிடைக்காத பிறகும் மாற்றினார்கள், அல்லது ஆணையில் ஒரு காரணம் கோப்பில் வேறு காரணம் என்று காட்டவேண்டும்.

குடும்பக் காரணங்களில் சட்டத்தின் கையைப் பிடிக்கக்கூடியவை சிலவே. மாற்றுத்திறனுள்ள ஊழியரின் பணியைப் பாதுகாக்கும் 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு அதில் வலுவானது. மாற்றுத்திறனுள்ள பிள்ளையைப் பராமரிக்கும் மத்திய அரசு ஊழியரைச் சுழற்சி மாறுதலிலிருந்து விலக்க 2014-இலும் 2018-இலும் மத்தியப் பணியாளர் துறை சுற்றறிக்கை விட்டது. கல்வியாண்டின் நடுவில் மாற்றியதற்கு 1994-இல் நம் பள்ளிக் கல்வி இயக்குநர் கட்சியாக இருந்த வழக்கில் ஒரு நல்ல தீர்வு கிடைத்தது: மாறுதலுக்கு முன் ஊழியரைக் கேட்கவேண்டியதில்லை, ஆனால் அவசரம் இல்லாதபோது பிள்ளைகள் படிக்கும் ஆண்டு முடியும்வரை ஆணையைச் செயல்படுத்தவேண்டாம். ரத்து கேட்டுத் தோற்பதைவிட மே மாதம்வரை அவகாசம் கேட்டு வெல்வது பல குடும்பங்களுக்குப் போதுமானது. அதை மாற்றுக் கோரிக்கையாக மனுவிலேயே எழுதுங்கள்.

உத்தரவு கையில் வரும்போது

அதிகம் கிடைப்பது ‘மனுவை நான்கு வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க’ என்ற உத்தரவு. நான்காவது வாரம் ‘பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலாது’ என்று ஒற்றை வரியில் பதில் வரும். அந்த உத்தரவை வாங்கத்தான் வேண்டுமென்றால் ‘அதுவரை விடுவிக்கக்கூடாது’ என்றும், ‘காரணங்களைக் குறிப்பிட்டு’ என்றும் இரண்டு தொடர்களை நீதிபதி சொல்லும்போதே கேட்டு வாங்கவேண்டும். ‘தற்போதைய நிலை தொடரட்டும்’ என்பதில் இன்னும் கவனம். நேற்றே விடுவிக்கப்பட்டிருந்தால் தொடரப்போவது விடுவிக்கப்பட்ட நிலைதான். எந்தத் தேதியில் இருந்த நிலை என்று உத்தரவில் எழுதப்படவேண்டும்.

முழுவதுமாக வென்றாலும் ‘சட்டப்படி புதிய ஆணை பிறப்பிக்கத் தடையில்லை’ என்ற வால் பெரும்பாலும் இருக்கும். உத்தரவின் சான்றிட்ட நகலோடு பழைய அலுவலகத்தில் போய்ச் சேரும் அறிக்கை கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். சேர்க்க மறுத்தால் மறுத்த நாளையும் நேரத்தையும் எழுதிப் பதிவு அஞ்சலில் அனுப்புங்கள். அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் கெடு. விடுவிக்கப்பட்ட நாளுக்கும் திரும்பச் சேர்ந்த நாளுக்கும் இடைப்பட்ட காலத்தைக் கட்டாயக் காத்திருப்பாக (பணியிடமின்றிக் காத்திருக்க நேர்ந்த காலமாக) கருதிப் பணிக்காலமாக வரன்முறை செய்யவேண்டும் என்று தொடக்க மனுவிலேயே ஒரு கோரிக்கை இல்லையென்றால், அந்த நாட்கள் ஊதியமில்லா விடுப்பாகப் பணிப்பதிவேட்டில் ஏறிவிடும்.